மாண்டேகுவை விட்டுவிட்டீர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில், பாலஸ்தீனத்தில் யூதர்களுக்குத் தேசிய இல்லம் அமைய ஆதரவு தருவதாக 1917இல் பிரிட்டன் கொடுத்த வாக்கான பால்ஃபர் பிரகடனத்தைப் பற்றி வந்த முழுப்பக்கக் கட்டுரையைக் காலையில் ஒரு முறையும், மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் ஒரு முறையும் படித்தேன். மேல்நிலைப் பள்ளியில் 29 வருடம் வரலாறு சொல்லிக்கொடுத்தவள் நான். ஒரு தமிழ் நாளிதழ் இந்த விஷயத்துக்கு முழுப்பக்கம் ஒதுக்கியதே எனக்குப் பெரிய சந்தோஷம். அதனால்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

முதலில் ஒரு திருத்தம். "அன்றைய பிரதமர் பால்ஃபர்" என்று இரண்டு இடத்தில் அச்சாகியிருக்கிறது. 1917இல் பிரதமர் லாயிட் ஜார்ஜ். பால்ஃபர் வெளியுறவு அமைச்சர். அவர் பிரதமராக இருந்தது 1902 முதல் 1905 வரை. அந்த 1905இல்தான் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து பிழைக்க வந்த யூதர்களைப் பெரிதும் மனதில் வைத்து, அந்நியர்கள் பிரிட்டனுக்குள் நுழைவதைக் கட்டுப்படுத்தும் சட்டம் அவருடைய ஆட்சியில் நிறைவேறியது. பன்னிரண்டு வருடம் கழித்து அதே மனிதர்தான் யூதர்களுக்குப் பாலஸ்தீனத்தில் இடம் தருவதாகக் கையெழுத்துப் போட்டார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் கேட்கத் தோன்றும் கேள்விகள் நிறைய. அவரைப் பிரதமர் என்று எழுதிவிட்டால் அவற்றில் ஒன்றுகூடத் தோன்றாது.

தேதி, பதவி எல்லாம் யாருக்கும் தவறும். என் மனக்குறை வேறு. கட்டுரை முழுக்க "பிரிட்டன் முடிவு செய்தது", "யூதர்கள் கேட்டார்கள்" என்றே வருகிறது. பிரிட்டனுக்கு ஒரே மனம், யூதர்களுக்கு ஒரே குரல் என்பது போல. நானும் வகுப்பில் அப்படித்தான் சொல்லிக்கொடுத்திருக்கிறேன். நார்மன் ரோஸ் என்ற வரலாற்றாசிரியரின் புத்தகங்களைப் படித்த பிறகுதான், எத்தனை பிள்ளைகளுக்கு எவ்வளவு தட்டையாகச் சொல்லிவிட்டோம் என்று வருத்தமாக இருந்தது.

ரோஸ் எருசலேம் ஹீப்ரு பல்கலைக்கழகத்தில் சர்வதேச உறவுகள் துறைப் பேராசிரியராக இருந்தவர். வாழ்நாளில் பெரும்பகுதியை பிரிட்டிஷ் அரசியல்வாதிகளுக்கும், யூதர்களுக்குப் பாலஸ்தீனத்தில் தேசிய இல்லம் வேண்டும் என்ற சியோனிச இயக்கத்துக்கும் இருந்த தொடர்பை ஆராய்வதிலேயே செலவிட்டவர். அவர் புத்தகம் ஒன்று என் கைக்கு வந்தது தற்செயலாகத்தான். மகன் மான்செஸ்டரில் வேலையில் இருக்கிறான். அங்கே மூன்று மாதம் தங்கியிருந்தபோது ஒரு பழைய புத்தகக் கடையில் 'லூயிஸ் நேமியர் அண்டு சயோனிசம்' கிடைத்தது. ஏதோ நூலகத்தில் கழித்துவிட்ட பிரதி. முதல் பக்கத்தில் ஊதா முத்திரை, கடைசிப் பக்கத்தில் தேதி குத்தும் தாள். அந்தத் தாளில் மொத்தமே நான்கு தேதிகள்தான். எம்.ஏ.வில் வரலாற்றெழுதியல் தாளுக்காக நேமியர் பெயரை மனப்பாடம் செய்திருக்கிறேன். பதினெட்டாம் நூற்றாண்டு இங்கிலாந்துப் பாராளுமன்றத்தை உறுப்பினர் உறுப்பினராகத் துருவி ஆராய்ந்தவர், 'நேமியர் முறை' என்றே அதற்குப் பெயர், ஐந்து மதிப்பெண். அவருக்கும் சியோனிசத்துக்கும் என்ன சம்பந்தம் என்று பார்ப்பதற்காகத்தான் வாங்கினேன்.

சம்பந்தம் பெரியது. போலந்து மண்ணில் யூதக் குடும்பத்தில் பிறந்து இங்கிலாந்து வந்தவர் நேமியர். 1929 முதல் 1931 வரை லண்டனில், சியோனிஸ்டுகள் சார்பில் பிரிட்டனோடு பேசிய யூத முகமையின் அரசியல் செயலாளராக இருந்திருக்கிறார். அதன் பிறகுதான் மான்செஸ்டரில் பேராசிரியர். அந்தப் புத்தகத்தை முடித்த கையோடு ரோஸ் எழுதிய மற்றவற்றையும் தேட ஆரம்பித்தேன். சியோனிஸ்டுகளின் தலைவர் வைஸ்மனின் வாழ்க்கை வரலாறு, யூதரல்லாத பிரிட்டிஷ் சியோனிஸ்டுகளைப் பற்றி 1973இல் வந்த 'தி ஜென்டைல் சயோனிஸ்ட்ஸ்', அதே வருடம் அவர் பதிப்பித்த பிளான்ச் டக்டேலின் நாட்குறிப்பு. இந்த அம்மாள் பால்ஃபரின் சகோதரர் மகள். எல்லோரும் 'பாஃபி' என்று கூப்பிடுவார்கள்.

இனி மாண்டேகு விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் கட்டுரையில் அவர் பெயரே இல்லை.

ஒவ்வொரு வருடமும் கரும்பலகையில் "20 ஆகஸ்ட் 1917" என்று எழுதி அடிக்கோடு போடுவேன். இந்தியாவுக்குப் படிப்படியாகப் பொறுப்பாட்சி தருவதுதான் நோக்கம் என்று பிரிட்டிஷ் அரசில் இந்திய விவகாரங்களைக் கவனித்த 'இந்திய அமைச்சர்' எட்வின் மாண்டேகு பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் அறிவித்த நாள். மாண்டேகு-செம்ஸ்போர்டு சீர்திருத்தம், 1919ஆம் ஆண்டுச் சட்டம், இரட்டை ஆட்சி எல்லாம் அங்கிருந்து தொடங்கும். பிள்ளைகள் நோட்டில் எழுதிக்கொள்வார்கள், நானும் அடுத்த பாடத்துக்குப் போய்விடுவேன். மூன்றே நாள் கழித்து, ஆகஸ்ட் 23 அன்று, அதே மாண்டேகு தன் சக அமைச்சர்களுக்கு இன்னொரு காகிதம் எழுதினார் என்பது எனக்குத் தெரியாது. அந்தக் குறிப்புக்கு அவர் வைத்த தலைப்பு: 'தற்போதைய அரசாங்கத்தின் யூத வெறுப்பு'.

அமைச்சர் பதவியில் அப்போது இருந்த ஒரே யூதர் அவர்தான். யூதர்களுக்குப் பாலஸ்தீனத்தில் தேசிய இல்லம் என்ற யோசனையை மூர்க்கமாக எதிர்த்தவரும் அவரே. குறிப்பில் அவர் சொன்னது இதுதான்: உங்கள் தேசிய இல்லம் பாலஸ்தீனம் என்று யூதர்களிடம் சொன்ன மாத்திரத்தில், ஒவ்வொரு நாடும் தன் யூதக் குடிமக்களை வெளியே தள்ளப் பார்க்கும். பாலஸ்தீனத்தில் இப்போது இருக்கிற மக்களும் துரத்தப்படுவார்கள். நான் பிரிட்டிஷ்காரன், என் மதம் யூத மதம், என்னை என் சொந்த ஊரிலேயே அந்நியனாக்காதீர்கள். அவருடைய அப்பாவின் சகோதரர் மகன் ஹெர்பர்ட் சாமுவேல் இதற்கு நேர் எதிர்ப்பக்கம். பாலஸ்தீனத்தை பிரிட்டன் எடுத்து யூதக் குடியேற்றத்துக்குத் திறந்துவிட வேண்டும் என்று 1915 ஜனவரியிலேயே அமைச்சரவைக்குக் குறிப்பு கொடுத்தவர் அவர். 1920இல் பாலஸ்தீனத்தின் முதல் பிரிட்டிஷ் ஆணையரும் அவரே. ஒரே குடும்பத்துக்குள் இப்படி இருக்கும்போது, "யூதர்கள் கேட்டார்கள்" என்று ஒரு வரியில் எப்படி எழுதுவது?

அக்டோபரில் மாண்டேகு இந்தியாவுக்குக் கப்பல் ஏறிவிட்டார். அவர் கடலில் இருந்தபோது, அக்டோபர் 31ஆம் தேதி, போர் அமைச்சரவை பிரகடனத்துக்கு ஒப்புதல் கொடுத்தது. நவம்பர் 2 என்று தேதியிட்ட கடிதம் பிரிட்டிஷ் யூதப் பிரமுகர் ராத்சைல்டு பிரபுவுக்குப் போனது. தான் அவ்வளவு போராடியும் தோற்றுவிட்டோம் என்பதை இந்திய மண்ணில் கால் வைத்த சமயத்தில்தான் தந்திச் செய்தியில் பார்த்தார் மாண்டேகு. அடுத்த மாதம் சென்னைக்கு வந்தார். ஹோம் ரூல்காரர்கள், நீதிக்கட்சிக்காரர்கள் என்று ஆளாளுக்கு மனு கொடுத்தார்கள். பிரதிநிதித்துவம், இட ஒதுக்கீடு, யார் யாருக்காகப் பேசுவது என்று நம் ஊர்க்காரர்கள் அவர் முன்னால் வாதாடிக்கொண்டிருந்தார்கள். எதிரே உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தவர், தன் சார்பாகப் பேசும் உரிமை யாருக்கு என்ற சண்டையில் அப்போதுதான் தோற்றுவிட்டு வந்தவர். என் வகுப்பில் அந்த மனிதர் வெறும் தேதியாகவே இருந்துவிட்டார்.

ஆனாலும் மாண்டேகு தோற்றது முழுத் தோல்வி அல்ல. உங்கள் கட்டுரையில் பிரகடனம் "தனி நாடு தருவதாக" வாக்களித்தது என்று இருக்கிறது. நாடு என்ற சொல்லே அதில் கிடையாது. 'தேசிய இல்லம்' என்றுதான் இருக்கிறது, வேண்டுமென்றே அப்படி வைத்தார்கள். 1917 ஜூலையில் சியோனிஸ்டுகள் கொடுத்த வரைவில் பாலஸ்தீனத்தை யூதர்களின் தேசிய இல்லமாக மீண்டும் அமைப்பது என்று இருந்தது. நவம்பரில் கையெழுத்தானபோது அது பாலஸ்தீனத்தில் ஒரு தேசிய இல்லம் என்று ஆகிவிட்டது. தமிழில் சொன்னால் இரண்டாம் வேற்றுமை போய் ஏழாம் வேற்றுமை வந்துவிட்டது. முன்னது முழு நிலத்தையும் குறிக்கும். பின்னது நிலத்துக்குள் எங்கோ ஓர் இடம். 1922இல் சர்ச்சில் வெளியிட்ட வெள்ளை அறிக்கை இந்த வேறுபாட்டை எடுத்துச் சொல்லித்தான், முழு பாலஸ்தீனத்தையும் யூதத் தேசிய இல்லமாக மாற்றும் எண்ணம் இல்லை என்று விளக்கம் கொடுத்தது. அதோடு, மற்ற நாடுகளில் யூதர்கள் அனுபவிக்கும் உரிமைகளுக்கும் அரசியல் தகுதிக்கும் பங்கம் வரக்கூடாது என்று பிரகடனத்தின் கடைசியில் ஒரு வாசகம் வருகிறதே, அது மாண்டேகு போன்றவர்களின் எதிர்ப்புக்காகச் சேர்த்தது. மொழிபெயர்ப்பில் "நாடு" என்று ஒரு சொல்லைப் போட்டதும் இத்தனை சண்டையும் மறைந்துவிட்டது. கட்டுரையாளர்மேல் எனக்குக் கோபம் இல்லை. ஆனால் இதைத் திருத்தியே ஆக வேண்டும்.

கர்சன் என்றால் நம் பிள்ளைகளுக்கு 1905 வங்கப் பிரிவினை மட்டும்தான். அந்தக் கர்சன் 1917இல் போர் அமைச்சரவையில் இருந்தார். பிரகடனத்துக்குச் சில நாள் முன்பு அவர் கொடுத்த குறிப்பில், அங்கே ஏற்கெனவே இருக்கிற மக்களை என்ன செய்யப் போகிறீர்கள் என்று கேட்டார். அவர்களும் அவர்கள் முன்னோரும் ஆயிரத்து ஐந்நூறு வருடமாக அந்த மண்ணில் இருக்கிறார்கள், நிலம் அவர்களுடையது, வந்தவர்களுக்கு விறகு வெட்டித் தண்ணீர் சுமக்கும் ஆட்களாக இருக்கச் சம்மதிப்பார்களா என்று கேட்டார். கேட்டுவிட்டு, 31ஆம் தேதி கூட்டத்தில் விட்டுக்கொடுத்துவிட்டார். சரியான கேள்வியைக் கேட்டவரே கடைசியில் ஒதுங்கிக்கொண்ட அந்த இடத்தைப் படிக்கும்போது எனக்கு இப்போதும் ஆற்றாமையாக இருக்கிறது. இந்தியாவை ஆண்டு பார்த்தவர் அவர்.

நம் பாடப்புத்தகத்துப் பெயர்கள் பாலஸ்தீன வரலாற்றில் இப்படி வந்துகொண்டே இருக்கும். பிரகடனத்தின் வரைவில் கை வைத்த அமெரி, பின்னாளில் கிரிப்ஸ் தூதுக்குழுக் காலத்து இந்திய அமைச்சர். 1937இல் பாலஸ்தீனத்தைப் பிரிக்கச் சொன்ன குழுவின் தலைவர் பீல் பிரபு, அதற்கு முன் இரண்டு முறை இந்திய அமைச்சர்.

ரோஸ் புத்தகங்களில் என்னை அதிகம் கட்டிப்போட்டது 1930-31 கதைதான். பாலஸ்தீனத்தில் 1929இல் நடந்த யூத-அரபுக் கலவரங்களுக்குப் பின், இந்திய சிவில் சர்வீசில் இருந்த ஹோப் சிம்ப்சனை அனுப்பி நிலக் கணக்கு எடுக்கச் சொன்னார்கள். இன்னும் நிறையப் பேர் குடியேற விவசாய நிலம் போதாது என்றார் அவர். 1930 அக்டோபரில் குடியேற்ற நாடுகளின் அமைச்சர் பாஸ்ஃபீல்டு, சியோனிஸ்டுகளுக்குக் கடிவாளம் போடும் வெள்ளை அறிக்கையை வெளியிட்டார். வைஸ்மன் எதிர்ப்புத் தெரிவித்துப் பதவி விலகினார். அடுத்த நான்கு மாதம் என்ன நடந்தது என்பதை நாள் நாளாகக் காட்டுகிறார் ரோஸ். நேமியருக்குப் பிரதமர் ராம்சே மெக்டொனால்டின் மகன் மால்கம் நண்பர். அந்த நட்பு ஒரு வாசல். அமைச்சர்களும் சியோனிஸ்டுகளும் ஒரே மேஜையில் உட்கார்ந்து வாசகம் வாசகமாகப் பேசினார்கள். 1931 பிப்ரவரி 13 அன்று ராம்சே மெக்டொனால்டு வைஸ்மனுக்கு ஒரு கடிதம் எழுத, வெள்ளை அறிக்கை கிட்டத்தட்டச் செத்துப்போனது. அரபுகள் அதைக் 'கறுப்புக் கடிதம்' என்றார்கள். அதே குளிர்காலத்தில், அதே பிரதமரின் தலைமையில்தான் முதல் வட்டமேஜை மாநாடும் லண்டனில் நடந்துகொண்டிருந்தது. வகுப்பில் அந்த மாநாட்டுக்கு ஒரு பாட வேளை எடுத்துக்கொள்வேன். பக்கத்து அறையில் இன்னொரு மக்களின் தலைவிதியைப் பேசிக்கொண்டிருந்தார்கள் என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை.

அந்த நண்பர் மால்கம் மெக்டொனால்டேதான் 1939இல் குடியேற்ற நாடுகளின் அமைச்சராக வேறொரு வெள்ளை அறிக்கை கொண்டுவந்தார். ஐந்து வருடத்தில் 75,000 யூதர்களுக்கு மட்டுமே அனுமதி, அதன்பின் அரபுகள் சம்மதித்தால்தான். ஜெர்மனியில் 1938 நவம்பரில் யூதக் கோவில்கள் எரிந்து ஆறு மாதம்தான் ஆகியிருந்தது. மாண்டேகு சொன்னதுதான் சரி என்று நான் ஒரே வரியில் முடிக்காததற்குக் காரணம் இதுதான். அவர் 1924இலேயே இறந்துவிட்டார். தன்னை பிரிட்டிஷ்காரன் என்று அவர் நம்பியது போலவே தங்களை ஜெர்மானியர் என்று நம்பியவர்களுக்கு என்ன கதி வந்தது என்பதை அவர் பார்க்கவில்லை. பாஃபியின் நாட்குறிப்பில் இந்த வருடங்களைப் படிக்க மனம் தாங்காது. அவர் யூதர் அல்ல, ஆனால் சியோனிஸ்டுகளின் லண்டன் அலுவலகத்தில் அவர்களோடு சேர்ந்து வேலை செய்தவர். அமைச்சரவையில் இருந்த வால்டர் எலியட் அவருக்கு நெருங்கிய நண்பர், உள்ளே நடப்பது அவ்வப்போது காதுக்கு வந்துவிடும். வந்தும் அந்த அறிக்கையைத் தடுக்க முடியவில்லை. இஸ்ரேல் அறிவிக்கப்பட்டது 1948 மே 14. பாஃபி இறந்தது மே 16.

ரோஸை இவ்வளவு புகழ்ந்த பிறகு என் மனதில் இருக்கும் குறையையும் சொல்லிவிடுகிறேன். அவருடைய ஆரம்ப காலப் புத்தகங்களில் நாம் எப்போதும் லண்டனில்தான் இருக்கிறோம். கடிதம், குறிப்பாணை, இரவு விருந்து, மறுநாள் நாட்குறிப்பு. கதவுக்கு உள்ளே இருப்பவர்கள் எல்லோரும் உயிரோடு நடமாடுகிறார்கள். 1922 கணக்கெடுப்பில் பாலஸ்தீனத்தின் மக்கள்தொகை 7,57,182, அதில் யூதர்கள் 83,794. மீதிப் பேர் இந்தப் பக்கங்களில் ஒரு 'பிரச்சினை'யாக மட்டும் எட்டிப்பார்க்கிறார்கள். 1930இல் மூசா காசிம் அல்-ஹுசைனி தலைமையில் அரபுத் தூதுக்குழு ஒன்று லண்டன் வந்து வெறுங்கையோடு திரும்பியது. அவர்களுக்கு ஒரு மால்கம் இல்லை, ஒரு பாஃபியும் இல்லை. ரோஸ் வேண்டுமென்று மறைத்தார் என்று நான் சொல்லவில்லை. லண்டன் ஆவணங்களில் யார் அதிகம் இருக்கிறார்களோ அவர்களே புத்தகத்திலும் அதிகம் இருக்கிறார்கள். 2009இல் வந்த 'எ சென்ஸ்லெஸ், ஸ்குவாலிட் வார்' புத்தகத்தில் அவரே பாலஸ்தீனத்துக்குள் போய் அங்கிருந்தவர்களின் குரல்களையும் கேட்கிறார். முதல் முறையாக வாசிப்பவர்கள் அதிலிருந்து தொடங்கலாம்.

என் பழைய பிரதியில் யாரோ பென்சிலால் ஓரத்தில் கோடு போட்டிருக்கிறார்கள். புத்தகம் முழுக்க ஒரே ஒரு இடத்தில்தான், மெல்லிய கோடு, பக்கத்தில் ஒரு சின்னக் கேள்விக்குறி. 1930 பேச்சுவார்த்தையில் யார் யார் இருந்தார்கள் என்று வரும் பத்தி. அந்த நான்கு வாசகர்களில் ஒருவருக்காவது, அங்கே இல்லாதவர்களைப் பற்றிக் கேட்கத் தோன்றியிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். வேறு காரணமும் இருக்கலாம்.

தங்களிடம் எனக்கு மூன்று வேண்டுகோள். பால்ஃபரின் பதவியையும் "தனி நாடு" என்ற மொழிபெயர்ப்பையும் திருத்தி ஒரு சிறு குறிப்பாவது போடுங்கள். போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகள் இணைப்பைக் கத்தரித்து நோட்டில் ஒட்டி வைத்துக்கொள்கிறார்கள், என்னிடம் படித்த ஒருத்தி இந்தக் கட்டுரையையும் ஒட்டியிருந்தாள், கண்ணால் பார்த்தேன். அப்புறம், இதே பொருளில் பாலஸ்தீன அரபு வரலாற்றாசிரியர் யாருடைய எழுத்தையாவது முறையாக அனுமதி வாங்கித் தமிழில் கொடுங்கள். ரோஸை மட்டும் படித்துவிட்டு நிறுத்தினால் போதாது.

மூன்றாவது, மாண்டேகுவின் ஆகஸ்ட் 23 குறிப்பைப் பற்றியது. அதை நான் தமிழில் பெயர்த்து வைத்திருக்கிறேன். நீளக் கோடு போட்ட நோட்டில் பதினோரு பக்கம் வந்திருக்கிறது. 'தேசிய இல்லம்' என்ற சொல் வருகிற இடங்களில் 'தாயகம்' என்று போடலாமா, 'வீடு' என்று போடலாமா என்று இன்னும் முடிவு செய்யாமல் பென்சிலில்தான் எழுதியிருக்கிறேன். தங்களுக்குப் பயன்படும் என்றால் நகல் எடுத்து அனுப்புகிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வரலாற்று ஆசிரியை,
கும்பகோணம்.